திருவிதாங்கூர் மௌனத் திரைப்படங்களில் குடும்பக் கடமையும் தன்விருப்பமும்

முன்னுரை

தமிழாய்வில் திரைப்படம் பெரும்பாலும் பாடல், வசனம், அரசியல் என்னும் மூன்றின் வழியாகவே அணுகப்பட்டு வந்துள்ளது. பேச்சும் பாட்டும் இல்லாத மௌனப் படங்களின் காலம் இவ்வணுகுமுறைக்குள் எளிதில் அடங்குவதில்லை. சு. தியடோர் பாஸ்கரன் முதலியோரின் முயற்சியால் அக்காலத்தின் வரலாறு ஓரளவு வெளிப்பட்டுள்ளது. ஆயினும் அப்படங்கள் சொன்ன கதைகளை இலக்கிய மரபோடு வைத்து நோக்கும் பணி இன்னும் விரிவு பெறவில்லை. படச்சுருள்களில் மிகப் பெரும்பாலானவை அழிந்துபோனமை இதற்கு முதற்காரணம்.

ஜப்பானிலும் மௌனப் படங்களில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. எனினும் ஓசு யசுஜிரோ, நருசே மிகியோ, மிசோகுச்சி கென்ஜி ஆகியோரின் படங்கள் சில எஞ்சியுள்ளன. அவற்றை ஆராய்வோர் ‘கிரி’, ‘நிஞ்ஜோ’ என்னும் இரு சொற்களைத் திறவுகோலாகக் கொள்வர். கிரி என்பது ஒருவர் பிறருக்குப் பட்டுள்ள கடப்பாடு. நிஞ்ஜோ என்பது மனித உள்ளத்தின் இயல்பான நெகிழ்ச்சி. குடும்பக் கடமைக்கும் தன்விருப்பத்திற்கும் இடையே எழும் போராட்டமாக அப்படங்கள் வாசிக்கப்படுகின்றன.

இவ்விணையை நம் பகுதியின் மௌனப் படங்களுக்கு அப்படியே பொருத்த இயலுமா என்பது இக்கட்டுரையின் வினா. ஜே. சி. டேனியலின் ‘விகதகுமாரன்’, ஆர். சுந்தர்ராஜ் தயாரித்து பி. வி. ராவ் இயக்கிய ‘மார்த்தாண்டவர்மா’ (1933) ஆகிய இரண்டும் ஆய்வுக்கு எடுத்துக்கொள்ளப்படுகின்றன. இரண்டும் திருவனந்தபுரத்தில் திரையிடப்பட்டு மலையாளத் திரை வரலாற்றின் முதற்பக்கங்களாகக் கருதப்படுவன. ஆனால் டேனியல் அகத்தீசுவரத்தில் பிறந்தவர். அவருடைய உறவினரான சுந்தர்ராஜ் நாகர்கோவிலைச் சேர்ந்தவர். 1956 நவம்பர் 1 அன்று தமிழகத்தோடு இணைந்த தென்திருவிதாங்கூர் இவ்விருவரின் மண் என்பதால் இப்படங்கள் தமிழாய்வின் எல்லைக்குள்ளும் வருவன. கடமைக்கும் விருப்பத்திற்கும் இடையிலான மோதலைக் காட்டிலும், எது கடமை, எது விருப்பம் எனப் பெயரிடும் உரிமை யாருக்கு இருந்தது என்பதே இவற்றில் அடிப்படைச் சிக்கல் என இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

கிரியும் நிஞ்ஜோவும்

இவ்விணை திரைப்படத்தில் பிறந்ததன்று. சிக்கமட்சு மொன்சயெமோன் (1653–1725) எழுதிய பொம்மலாட்ட நாடகங்களில் இது முழு வடிவம் பெற்றது. 1721இல் அரங்கேறிய அமிஜிமா காதலர் தற்கொலை பற்றிய நாடகத்தில் காகித வணிகன் ஜிஹேய், அவன் மனைவி ஒசான், அவன் காதலிக்கும் கணிகை கொஹாரு ஆகிய மூவர் உள்ளனர். ஒசானின் வேண்டுகோளை ஏற்றுக் கொஹாரு தன் காதலைத் துறக்கிறாள். அத்துறவை உணர்ந்த ஒசான், கொஹாருவின் உயிரைக் காக்கத் தான் கடமைப்பட்டவள் எனக் கருதுகிறாள். இங்குக் கடமை மேலிருந்து வரும் ஆணையன்று; ஒருத்தி மற்றொருத்திக்குத் தானே ஏற்றுக்கொள்ளும் கடன். கிரியைக் ‘குடும்பக் கட்டுப்பாடு’ எனச் சுருக்கிப் பொருள் கொள்ளுதல் ஆகாது என்பதற்கு இந்நாடகம் சான்று.

நருசேயின் ‘கிமி தோ வகரேத்தே’ (1933) இதே நுட்பத்தைத் திரையில் தொடர்கிறது. இளம் கெய்ஷாவான தெருகிகு தன் குடும்பத்தைத் தன் வருவாயால் தாங்குபவள். தன் தங்கையையும் தந்தை அத்தொழிலில் தள்ளிவிடாதிருக்க, தானே மேலும் பணம் தேட வேற்றூர் செல்ல முடிவெடுக்கிறாள். மூத்த கெய்ஷா ஒருத்தியின் மகனிடம் அவளுக்கு அன்பு உண்டு. அவ்வன்பை விட்டுப் பிரிகிறாள். தெருகிகு தந்தைக்கு அடங்கியவள் அல்லள். தந்தையின் ஆசைக்கு எதிராகத் தங்கையின் பக்கம் நிற்பவள். அவருடைய கடைசி மௌனப் படமான ‘ககிரினாகி ஹோதோ’ (1934) இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. செல்வக் குடும்பத்தில் மணம் புகுந்து மாமியாராலும் நாத்தியாலும் இழிவுபடுத்தப்பட்ட சுகிகோ, கணவன் மரணப் படுக்கையில் கிடக்கும்போது, மாமியாரின் முன் அக்குடும்பத்தின் அன்பற்ற தன்மையைச் சொல்லிவிட்டு வெளியேறுகிறாள். குடும்பம் எதைக் கடமை என்றதோ, அதற்கு அப்பெயரை மறுக்கும் உரிமையைப் படம் அவளுக்கு அளிக்கிறது.

அகமரபின் நிலைப்பாடு

தமிழ் அகமரபில் இவ்விரண்டும் எதிரெதிராக நிறுத்தப்படவில்லை என்பது கருதத்தக்கது. தலைவியின் களவொழுக்கம் வெளிப்பட வேண்டிய நிலையில் தோழி செவிலிக்கும், செவிலி நற்றாய்க்கும் அதனை அறிவிப்பதற்கு ‘அறத்தொடு நிற்றல்’ எனப் பெயர். விருப்பத்தை வெளிப்படுத்துதலே அறத்தின் பக்கம் நிற்றலாகிறது. தலைவியைப் பிறர் பெண் கேட்டு வரும் ‘நொதுமலர் வரைவு’ நிகழும்போது, பெற்றோர் அறியாமையால் தவறிழைக்க இருப்பவர் ஆகின்றனர். தலைவி கற்பின் வழி நிற்பவள் ஆகிறாள். உடன்போக்கும் இவ்வாறே கற்பின்பாற்படுகிறது. விருப்பத்திற்கே அறம் எனப் பெயரிட்ட மரபு இது.

இம்மரபிற்கு ஓர் எல்லை உண்டு. அன்பின் ஐந்திணைக்கு உரிய தலைமக்களாக அடியோரையும் வினைவலரையும் தொல்காப்பிய அகத்திணையியல் ஏற்பதில்லை. அவர்களுக்கு ஐந்திணைப் புறத்தவாகிய கைக்கிளை, பெருந்திணை ஆகியவற்றில் இடமளிப்பதாக உரையாசிரியர் விளக்குவர். உரிமையுடையோரின் காதல் அறமாகிறது. ஏவல் செய்வோரின் காதல் அப்பெயரைப் பெறுவதில்லை. இவ்வெல்லை நூலோடு நின்றுவிடவில்லை என்பதை விகதகுமாரனின் வரலாறு காட்டுகிறது.

விகதகுமாரன்: மோதல் தவிர்க்கப்பட்ட கதை

டேனியல் திருவனந்தபுரம் பட்டத்தில் ‘திருவாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்னும் படப்பிடிப்பு நிலையத்தை நிறுவி, குடும்பச் சொத்தை விற்ற பணத்தில் இப்படத்தை எடுத்தார். நகரின் கேபிடல் அரங்கில் இது திரையிடப்பட்டது. அந்நாள் 1928 நவம்பர் 7 என்பாரும் 1930 அக்டோபர் 23 என்பாரும் உளர். படச்சுருள் எஞ்சவில்லை, கதைச்சுருக்கத்தைக் கொண்டே இன்று பேச இயலும்.

செல்வக் குடும்பத்துச் சிறுவன் சந்திரகுமாரனைப் பூதநாதன் என்பவன் இலங்கைக்குக் கடத்திச் செல்கிறான். அங்குத் தேயிலைத் தோட்டத்தில் தொழிலாளியாக வளரும் சந்திரகுமாரன், வெள்ளைக்காரத் துரையின் அன்பைப் பெற்றுக் கண்காணிப்பாளனாக உயர்கிறான். அவனுடைய தூரத்து உறவினனான ஜெயச்சந்திரன் இலங்கைக்கு வந்து, உறவு அறியாமலே அவனுடன் நட்புக் கொள்கிறான். இருவரும் திருவிதாங்கூர் திரும்புகின்றனர். சந்திரகுமாரனின் தங்கையும் ஜெயச்சந்திரனும் காதல் கொள்கின்றனர். அவளையும் கடத்த முயலும் பூதநாதன் முறியடிக்கப்படுகிறான். முதுகில் உள்ள வடுவால் சந்திரகுமாரன் அடையாளம் காணப்பட, குடும்பம் ஒன்றுசேர்கிறது.

தென்னிந்திய மௌனப் படங்கள் பெரிதும் புராணக் கதைகளை நாடிய காலம் அது. சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’ அதற்குத் தொடக்கமாய் அமைந்தது. டேனியல் சமூகக் கதையைத் தேர்ந்தது துணிவு. ஆனால் கதைக்குள் அத்துணிவு இல்லை. நாயகி விரும்பியவன் உறவுமுறைக்குள் அடங்குபவன். ஆகவே அவள் விருப்பமும் குடும்பத்தின் நன்மையும் ஒன்றாகின்றன. தோட்டத் தொழிலாளியாகத் தோன்றியவன் உயர்குடிப் பிறப்பினன் என வடு மெய்ப்பிக்கிறது. வினைவலர் ஒருவர் தலைமகன் ஆகவில்லை. தலைமகன் ஒருவன் சிலகாலம் வினைவலராக இருந்தான் என்பதே கதை. அகத்திணையியலின் எல்லை இங்கு மீறப்படவில்லை.

இலங்கைத் தோட்டம் கதைக்களமாக அமைந்தது தற்செயலன்று. தென்திருவிதாங்கூரிலிருந்து இலங்கைத் தோட்டங்களுக்குச் சென்றோர் பலர். திருவனந்தபுரத்திற்கு அருகிலேயே, வித்துராவிற்கு மேலுள்ள பொன்முடி, போனக்காடு மலைகளில் ஆங்கிலேயர் அமைத்த தேயிலைத் தோட்டங்களிலும் தமிழ்த் தொழிலாளர் குடியேறினர். லயங்களில் வாழ்ந்த அவர்களுக்குக் குடும்பக் கடமையும் தன்விருப்பமும் எதிரெதிர் நின்றன எனக் கூறுவது பொருந்தாது. குடும்பத்தைக் காக்கவே குடும்பத்தைப் பிரிந்து மலையேறியவர் அவர். அகமரபு கூறும் பொருள்வயிற் பிரிவின் கடுமையான வடிவம் அது. விகதகுமாரன் தோட்டத்தைக் காட்டியது. அங்கு உயர்ந்தவனாகக் காட்டியதோ தொழிலாளியின் மகனை அன்று, காணாமற்போன செல்வர் மகனை.

ரோசி: திரைக்கு வெளியே எழுந்த மோதல்

கதைக்குள் தவிர்க்கப்பட்ட மோதல் அரங்கிற்குள் வெடித்தது. நாயகியான நாயர் குலப்பெண் சரோஜினியாக நடித்தவர் பி. கே. ரோசி. புலையர் சமூகத்தில் பிறந்தவர். தமிழும் மலையாளமும் கலந்து நடத்தப்பெறும் காக்காரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். தாழ்த்தப்பட்ட பெண் ஒருத்தி உயர்குலப் பெண்ணாகத் திரையில் தோன்றியதைப் பொறாத பார்வையாளர் சிலர் கல்லெறிந்து திரையைக் கிழித்தனர். நாயகியின் கூந்தல் மலரை நாயகன் முத்தமிடும் காட்சி சினத்தை மிகுவித்தது என்பர். ரோசியின் குடிசையும் தீக்கிரையாயிற்று. அவர் ஊரை விட்டு வெளியேறி, லாரி ஓட்டுநர் ஒருவருடன் நாகர்கோவில் சேர்ந்து, ராஜம்மாள் என்னும் பெயரில் எஞ்சிய நாள்களைக் கழித்தார். இச்செய்திகள் பெரும்பாலும் பிற்கால நினைவுகளின் வழியே கிடைப்பன. சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் டேனியலின் வரலாற்றை வெளிக்கொணர்ந்த பின்னரே ரோசியின் பெயரும் பரவலாயிற்று. வினு ஆபிரகாமின் ‘நஷ்ட நாயிகா’ நாவலும் அதனைத் தழுவிய கமலின் ‘செல்லுலாயிட்’ (2013) படமும் அவரைப் பொதுநினைவிற்குக் கொண்டுவந்தன.

இந்நிகழ்வைச் சாதிக் கொடுமை என்று மட்டும் கூறி அமைவது போதாது. பார்வையாளர் எதைத் தண்டித்தனர் என நோக்க வேண்டும். சரோஜினியின் காதலை அவர்கள் வெறுக்கவில்லை. கதையின்படி அது முறையான காதல். சரோஜினியின் ஆடையை உடுத்தி, அவளுடைய காதலை நடித்துக் காட்டியவர் யார் என்பதே அவர்களுக்குச் சிக்கலாயிற்று. ஆடை திருவிதாங்கூரில் வெறும் ஒப்பனையன்று. 1859ஆம் ஆண்டு அரச அறிவிப்பு வரை நாடார் பெண்கள் மேலாடை உரிமைக்காகப் பல்லாண்டு போராட வேண்டியிருந்தது. டேனியலே அச்சமூகத்தில் பிறந்தவர். 1936ஆம் ஆண்டின் ஆலய நுழைவு அறிவிப்பிற்கு முன் ரோசியின் சமூகத்தவர் கோயிலுள்ளும் நுழைய இயலாது. குலப்பெண்ணின் கற்பையும் நாணையும் நடித்துக்காட்டும் உரிமை ரோசிக்கு இல்லை என்பதே எறியப்பட்ட கற்களின் பொருள். அடியோர்க்கு ஐந்திணை இல்லை என்னும் பழைய எல்லை, நடிப்பிற்கும் நீட்டிக்கப்பட்டது எனலாம்.

நருசேயின் தெருகிகுவும் சமூகத்தால் இழிவாகக் கருதப்பட்ட தொழிலைச் செய்பவளே. ஆயினும் அவளுடைய தியாகம் ‘கடமை’ என்னும் பெயரைப் பெறுகிறது; பார்வையாளர் அவளுக்காகக் கண்ணீர் சிந்தினர். ரோசியும் பிழைப்பிற்காக நடிக்க வந்தவர்தாம். அவர் உழைப்பைக் கடமை எனக் கூற ஒருவரும் முன்வரவில்லை. உயர்சாதியினர் எனக் கூறப்படும் அந்த ஓட்டுநர் ரோசியோடு வாழத் துணிந்தது விகதகுமாரன் கதையைவிடக் கூர்மையான களவும் உடன்போக்கும் ஆகும். அதனைப் படமாக்க அக்காலத்தில் எவரும் எண்ணியிருக்க இயலாது. டேனியலும் பெரும் பொருளிழப்பிற்கு ஆளானார். பின்னர்ப் பல் மருத்துவராகத் தமிழகத்து ஊர்களில் தொழில் செய்து, 1975இல் அகத்தீசுவரத்தில் மறைந்தார்.

மார்த்தாண்டவர்மா: கடமையே இரண்டாகப் பிளந்த கதை

சி. வி. ராமன்பிள்ளையின் ‘மார்த்தாண்டவர்மா’ நாவல் 1891இல் வெளிவந்தது. அதனைச் சுந்தர்ராஜ் படமாக்கியபோது இந்தியாவில் பேசும் படங்கள் வந்து இரண்டாண்டு கழிந்திருந்தன. நருசேயும் அதே 1933இல் மௌனப் படமே எடுத்துக்கொண்டிருந்தார். ஜப்பானில் திரையருகே நின்று கதை சொல்லும் ‘பென்ஷி’ கலைஞர்களின் செல்வாக்கு மௌனப் படத்தின் ஆயுளை நீட்டித்தது. திருவிதாங்கூரில் அக்குரலின் இடத்தை ஆங்கிலத்திலும் மலையாளத்திலும் அமைந்த எழுத்துத் துணைத்தலைப்புகள் நிரப்பின. நாவலின் பதிப்புரிமை பெற்றிருந்த கமலாலயா புத்தக நிறுவனம் வழக்குத் தொடுத்ததால் படம் சில நாள்களிலேயே நிறுத்தப்பட்டது. பறிக்கப்பட்ட சுருள் அந்நிறுவனத்திலேயே கிடந்து, 1970களில் புணே தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தைச் சென்றடைந்தது. திரையிடலைத் தடுத்த வழக்கே படத்தைக் காத்தது.

கதையின் அரசியல் அடிப்படை மருமக்கள்தாயம். வேணாட்டு மன்னர் இராமவர்மாவின் வாரிசாகச் சகோதரியின் மகன் மார்த்தாண்டவர்மா அமைய வேண்டும். மன்னரின் மக்களான பத்மநாபன் தம்பியும் ராமன் தம்பியும் எட்டுவீட்டுப் பிள்ளைமாரின் துணையோடு அரியணை கோருகின்றனர். மக்கள்தாயம் வழங்கும் நிலத்தில் தந்தையின் உடைமையை மகன் பெறுதல் கடமையின் நிறைவேற்றம். வேணாட்டு அரசமரபில் அதே உரிமைக்கோரிக்கை பேராசையாகிறது. ‘குடும்பக் கடமை’ என்னும் சொல்லை வரையறையின்றி ஆளும் ஆய்வு இக்கதையைத் தொடக்கத்திலேயே தவறவிடும்.

பாறுக்குட்டியின் கதையும் இவ்வகையிலேயே நோக்கத்தக்கது. அவள் விரும்பிய அனந்தபத்மநாபன் கொலையுண்டதாக ஊர் நம்புகிறது. அவனோ உயிர் தப்பி, பித்துப்பிடித்த சான்றானாகவும் பிற வேடங்களிலும் உலவி இளவரசரைக் காத்து வருகிறான். தாய் கார்த்தியாயினியம்மா பத்மநாபன் தம்பியின் உறவை மகளுக்கு அமைக்க விழைகிறாள், மகள் மறுக்கிறாள். இது நொதுமலர் வரைவின் தெளிவான வடிவம். பாறுக்குட்டி தன்விருப்பத்தால் கடமையை மீறவில்லை. கற்பின் வழி நின்று தாயின் விருப்பத்தை மறுக்கிறாள். கிரி–நிஞ்ஜோ இணையைக் காட்டிலும் அகமரபின் சொல் இங்கு மிகப் பொருந்துகிறது. அனந்தபத்மநாபனை ஒருதலையாக விரும்பும் பட்டாணியப் பெண் சுலைகாவின் நிலையோ புறப்பொருள் வெண்பாமாலை கூறும் பெண்பாற் கைக்கிளை. அயற்குலத்தவளின் காதல் போற்றப்படுகிறது, நிறைவு பெறுவதில்லை.

நாவலின் சுபத்திரை இவர்களினும் வேறுபட்டவள். கணவனால் கைவிடப்பட்ட அவள், தன் தாய்மாமனான குடமண் பிள்ளை சேர்ந்துள்ள எட்டுவீட்டாரின் சதியை முறியடித்து இளவரசரைக் காக்கிறாள். அம்மாமன் கையாலேயே வெட்டுண்டு இறக்கிறாள். மருமக்கள்தாயத்தில் மருமகளைக் காத்தல் காரணவரின் முதற்கடமை. அவர் அவளைக் கொல்வதும் குடும்பத்தின் பெயராலேயே நிகழ்கிறது. தெருகிகுவிற்குக் கிடைத்த விடைபெறுதல்கூடச் சுபத்திரைக்குக் கிடைக்கவில்லை.

படம் வெளிவந்த காலத்தையும் இங்கு நினைவிற்கொள்ள வேண்டும். 1912ஆம் ஆண்டின் நாயர் சட்டம் சம்பந்த உறவைச் சட்டப்படியான திருமணமாக ஏற்றது. 1925ஆம் ஆண்டின் சட்டம் தறவாட்டுச் சொத்தைத் தனித்தனியே பிரித்துக்கொள்ள வழிவகுத்தது. கேபிடல் அரங்கில் அமர்ந்திருந்தோருள் பலர் காரணவருக்கும் தந்தைக்கும் இடையே தம் கடமை எது என நாள்தோறும் முடிவு செய்ய வேண்டியிருந்தவர்கள். தம்பிமாரின் கோரிக்கை அவர்களுக்குப் பழங்கதையாக மட்டும் இருந்திருக்க இயலாது. திரையில் தோற்ற கோரிக்கை சட்டத்தில் வென்றுகொண்டிருந்தது.

தம்பிமார் கதை: எதிர்க்குரல்

இதே வரலாற்றை நாஞ்சில் நாட்டு வில்லிசை வேறுவகையில் பாடுகிறது. தமிழில் வழங்கும் ‘தம்பிமார் கதை’ தம்பிமார் பக்கம் நிற்பது. தம்பிமாரின் தங்கையை மன்னர் விரும்பியதும் அதன்பொருட்டு எழுந்த உடன்பாடின்மையுமே பூசலுக்குக் காரணம் என அது கூறும். நாவலில் பெண்ணை விரும்பித் தொல்லை தருபவன் தம்பி. கதைப்பாடலிலோ விரும்புபவர் மன்னர், தங்கையின் மானம் காப்பவர் தம்பிமார். ஒரே குடும்பப் பகையில் காமமும் கடமையும் இடம் மாறி நிற்கின்றன.

கதைப்பாடல் வழங்கும் மண்ணைச் சேர்ந்த சுந்தர்ராஜ் அதனை விடுத்து அச்சில் புகழ்பெற்ற நாவலைத் தேர்ந்தார். அரண்மனை வீற்றிருந்த நகரில் திரையிட வேண்டிய படத்திற்கு அதுவே இயல்பான தேர்வு. ஆனால் அத்தேர்வினால் வில்லுப்பாட்டின் தமிழ்க்குரல் திரையேறும் வாய்ப்பை இழந்தது. ஜப்பானிய மௌனப் படம் கபுகி, பொம்மலாட்டம் ஆகியவற்றின் கதைகளைப் பெருமளவில் உள்வாங்கி வளர்ந்தது. திருவிதாங்கூர் மௌனப் படமோ, காக்காரிசி நாடகத்திலிருந்து வந்த நடிகையைத் துரத்தியது. வில்லிசைக் கதையை அருகே சேர்க்கவில்லை.

முடிவுரை

குடும்பக் கடமை, தன்விருப்பம் என்னும் இணையை எல்லா நாட்டு மௌனப் படங்களுக்கும் பொதுவான அளவுகோலாகக் கொள்ளுதல் பொருந்தாது. ஜப்பானியப் படங்களிலேயே கிரி என்பது குடும்ப ஆணையைக் குறிக்காமல், ஒருவர் தாமே ஏற்கும் கடனைக் குறிக்கிறது. நருசேயின் பெண்கள் தம் கடமைக்குத் தாமே பெயரிடுகின்றனர்.

திருவிதாங்கூர்ப் படங்களில் அவ்வுரிமை நாயகியிடம் இல்லை. விகதகுமாரனில் அதனைப் பார்வையாளர் கையிலெடுத்தனர். மார்த்தாண்டவர்மாவில் அரசமரபின் பக்கம் நின்ற நாவல் கையிலெடுத்தது. விருப்பத்திற்கு அறம் எனப் பெயரிட்ட அகமரபு பாறுக்குட்டியை விளக்க உதவுகிறது. அடியோரையும் வினைவலரையும் புறத்தே நிறுத்திய அதே மரபு, ரோசி ஏன் துரத்தப்பட்டார் என்பதையும் விளக்குகிறது. அகமரபைப் போற்றும் நாம் அதன் இவ்விரு முகங்களையும் சேர்த்தே ஏற்க வேண்டியுள்ளது.

மௌனப் படங்களை ஆராயும் தமிழாய்வாளர் எஞ்சிய சுருள்களோடும் விளம்பரங்களோடும் நின்றுவிடாமல், அவை தோன்றிய ஊர்களில் வழங்கும் கதைப்பாடல்களையும் கூத்துகளையும் உடன்வைத்து நோக்குதல் இன்றியமையாதது. திரை சொல்லாது விட்ட கதை வில்லின் முன் இன்னும் பாடப்பெறுகிறது.